எத்தியோப்பியாவின் தெப்தெராக்களும் காப்புச் சுருள்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மந்திரச் சின்னங்களை வடிக்கும் கைவினைஞர் குழு என்பது வெறும் கற்பனைதானே?

கதைகளிலும் கணினி விளையாட்டுகளிலும் அப்படித்தான். மலைக்கோட்டை ஒன்றில் மறைந்து வாழ்ந்து, கோடுகளை வரைந்தே பேய்களை ஆட்டிவைக்கும் ஒரு கூட்டம் அவற்றில் தவறாமல் வந்துவிடும். அத்தகைய தொழிலை உண்மையாகவே செய்துவந்தவர்கள் எத்தியோப்பியாவின் வட மேட்டுநிலத்தில் இருக்கிறார்கள். அவர்களுக்குத் தெப்தெரா என்று பெயர். அவர்களுக்கென்று கோட்டையோ இரகசியத் தலைமையோ உறுதிமொழிச் சடங்கோ கிடையாது. திருவிழா நாளில் தேவாலயத்தில் வெள்ளாடை உடுத்திப் பாடி ஆடும் அதே மனிதர், வேறொரு நாள் தம் குடிசையில் அமர்ந்து ஒரு நோயாளிக்காகத் தோல்சுருளில் கண்களையும் வாளேந்திய வானதூதர்களையும் வரைகிறார் என்பதே உண்மை நிலவரம். கற்பனைக் குழுக்களைவிட இது எனக்குச் சுவையானதாகத் தோன்றுகிறது.

தெப்தெரா என்பவர் குருவா, மந்திரவாதியா?

எத்தியோப்பிய ஆர்த்தடாக்ஸ் தெவாஹெதோ திருச்சபையில் குருப்பட்டம் பெறாமலேயே பணிபுரியும் கற்றறிந்த பாடகர் என்று அவரைச் சொல்லலாம். அவர் திருப்பலி நிறைவேற்ற முடியாது; ஆனால் பெருவிழாக்களின் நெடிய பாடல் வழிபாடு அவர் இல்லாமல் நடப்பதில்லை. பாட்டும் கவிதையும் எழுத்துத் தொழிலும் அறிந்த அவர், கல்வியில் பல குருமாரை விஞ்சி நிற்பவர். கீயெஸ் என்னும் பழைய வழிபாட்டு மொழியில் தெப்தெரா என்ற சொல்லுக்குக் கூடாரம் என்று பொருள். இஸ்ரவேலர் பாலைவனத்தில் கொண்டு சென்ற ஆசரிப்புக் கூடாரத்தையும் அச்சொல் குறிக்கும். அந்தக் கூடாரத்தில் இருந்த உடன்படிக்கைப் பலகையின் நினைவாக, தாபோத் என்னும் புனிதப் பலகையை ஒவ்வொரு தேவாலயத்தின் உள்ளறையிலும் வைத்திருக்கும் திருச்சபை இது. ஆகவே பாடகருக்குக் கூடாரத்தின் பெயர் அமைந்ததில் வியப்பில்லை.

மந்திரவாதி என்ற சொல் அவருக்குப் பாதிதான் பொருந்தும். ஊரார் அவரிடம் மருந்துக்கும் காப்புக்கும் நாள்கோள் கணிப்புக்கும் போகிறார்கள். தீங்கு செய்யும் வித்தையும் அவருக்குத் தெரிந்திருக்கும் என்ற அச்சமும் ஊரில் உண்டு. நோயைக் கட்டத் தெரிந்தவருக்கு அதை ஏவவும் தெரியும் என்று எண்ணுவது மக்களின் இயல்பு. நம் ஊர்களிலும் இந்த ஐயம் புதிதல்ல.

இந்தத் தொழிலை எங்கே கற்கிறார்கள்?

காப்புச் சுருள் எழுதுவதற்கென்று ஒரு பள்ளியும் இல்லை. அதற்கு அடித்தளமான கல்வி முழுவதையும் திருச்சபைப் பள்ளிகளே தருகின்றன என்பதைத்தான் பலர் கவனிப்பதில்லை. முதலில் வாசிப்பு வீடு. அடுத்து ஸேமா எனப்படும் இசை வீடு. பிறகு கினே எனப்படும் கவிதை வீடு. அதன்பின் கைத்தடியும் கிலுக்கும் முரசும் கொண்டு ஆடிப் பாடும் அக்வாக்வாம். பள்ளியைக் குறிக்கும் பேத் என்ற சொல் வீடு என்றே பொருள்படும். பெத்லகேமின் தொடக்கத்தில் நிற்கும் சொல்லுக்கு இது நெருங்கிய உறவு. மாணவர்கள் ஊர் விட்டு ஊர் சென்று, ஆட்டுத்தோல் போர்வையோடு வீடுவீடாக உணவு இரந்து உண்டு படிப்பது நெடுங்கால வழக்கம். எல்லா வீடுகளையும் கடந்துவர இருபது ஆண்டுகள்கூட ஆகலாம்.

இவற்றில் கினே பற்றிச் சற்றுச் சொல்லியாக வேண்டும். கினே பாடுபவர் ஒவ்வொரு முறையும் புதிய பாட்டைக் கட்ட வேண்டும். அதில் வெளிப்பொருள் ஒன்றும் உட்பொருள் ஒன்றும் இருக்க வேண்டும். இதை மெழுகும் பொன்னும் என்பார்கள். பொற்கொல்லர் மெழுகில் உருவமைத்து, மண்பூசிச் சுட்டு, மெழுகு உருகிய இடத்தில் பொன்னை வார்ப்பது போல, கேட்பவர் வெளிச்சொல்லை உருக்கிவிட்டு உள்ளே இருக்கும் பொன்னை எடுக்க வேண்டும். காளமேகத்தின் சிலேடைகளில் வளர்ந்த நமக்கு இந்த விளையாட்டு எளிதில் பிடிபடும். ஒரு சொல்லுக்குள் இன்னொரு பொருளை ஒளித்து வைக்கப் பல ஆண்டுகள் பழகிய ஒருவரே பின்னர் மறைபெயர்களையும் குறிகளையும் சுருளில் எழுதுகிறார் என்பதை நினைவில் வைத்துக்கொண்டால், அந்தச் சுருளைப் பார்க்கும் பார்வை மாறிவிடும்.

சுருள் வித்தையோ ஆசானிடமிருந்து மாணவனுக்குத் தனியே போய்ச் சேர்வது. ஆசானிடம் உள்ள குறிப்பேட்டைப் பார்த்துப் படியெடுப்பது, அவர் வரையும்போது உடனிருப்பது, மூலிகைகளின் பெயர்களை மனத்தில் இருத்துவது என்று அது நடக்கும்.

அவர்கள் உருவாக்கும் பொருள் எப்படி இருக்கும்?

அதற்குக் கிதாப் என்று பெயர். எழுதப்பட்டது என்பது பொருள். அரபுவழி நமக்குத் தெரிந்த கிதாபு என்ற சொல்லின் வேரும் இதுவே. ஒரு சாணோ அதற்கும் குறைவோ அகலமுள்ள தோல் நாடாவில், மேலிருந்து கீழாக வேண்டுதல்களும் இடையிடையே ஓவியங்களும் இருக்கும். பொதுவாக மூன்று தோல் துண்டுகளை மெல்லிய தோல் இழையால் ஒன்றோடொன்று தைத்து ஒரே நீள நாடாவாக்குவார்கள். பெரும்பாலான சுருள்களில் மேலே ஒன்று, நடுவே ஒன்று, கீழே ஒன்று என ஓவியங்கள் அமையும். கறுப்பும் சிவப்பும் முதன்மை வண்ணங்கள். தொடக்க வாக்கியமான பிதா, சுதன், பரிசுத்த ஆவியின் நாமத்தையும் உரியவரின் பெயரையும் சிவப்பில் எழுதுவது மரபு. எழுதி முடித்ததும் இறுகச் சுருட்டித் தோலுறையில் தைத்தோ உலோகக் குழலில் இட்டோ கழுத்தில் அணிவார்கள். நோய் முற்றிய வேளையில் விரித்து, படுத்திருப்பவரின் கண்ணில் படும்படி சுவரில் தொங்கவிடுவதும் உண்டு.

சுருள் ஆள் உயரம் இருக்க வேண்டும் என்பது உண்மையா?

ஆம். உச்சி முதல் உள்ளங்கால் வரை காக்க வேண்டும் என்பதால், உரியவரின் உயரத்துக்குச் சுருளை வெட்டுவார்கள். எனவே இரண்டு மீட்டரை எட்டும் சுருள்களும் உள்ளன. குழந்தைக்கு எழுதியது குட்டையாக இருக்கும்.

தோலும் மையும் எவ்வாறு தயாராகின்றன?

செம்மறியாட்டின் அல்லது வெள்ளாட்டின் தோல். காப்புக்காகவே ஓர் ஆட்டைத் தெரிந்தெடுத்துப் பலியிடும் முறையில், அந்தத் தோல் நோயாளியின் தோலுக்கு ஈடாக நிற்கிறது. நோய் தாக்கிய உடலுக்குப் பதிலாக இன்னோர் உடல் அளிக்கப்பட்டு, அதன் மேல் புனிதச் சொல் எழுதப்படுகிறது என்பது கருத்து. எந்த நிற ஆடு என்பதைத் தெப்தெரா கணித்துச் சொல்வார்.

உரித்த தோலைச் சில நாள் நீரில் ஊறவைத்து, மரச்சட்டத்தில் நாலாபுறமும் கயிற்றால் இழுத்துக் கட்டி, உட்புறத்தில் ஒட்டியிருக்கும் சதையையும் கொழுப்பையும் முதலில் சுரண்டுவார்கள். பிறகு மறுபுறத்து மயிரை மழித்து, நுரைக்கல்லால் தேய்த்து, வெயிலில் காயவிடுவார்கள். காலணிக்கும் பைக்கும் செய்வது போல இதைப் பதனிடுவதில்லை. இழுத்துக் கட்டிய நிலையிலேயே காய்வதால்தான் அது தாள் போன்ற விறைப்பைப் பெறுகிறது. காய்ந்ததும் கூர் ஊசியால் மையில்லாக் கோடுகளைக் கீறிவைப்பார்கள். பழைய சுருளைச் சாய்வெளிச்சத்தில் பார்த்தால் இந்தப் பள்ளங்கள் இன்றும் தெரியும்.

கறுப்பு மை சமையல் பாத்திரத்தின் அடிக்கரியும் வறுத்துக் கருக்கிய தானியமும் பிசினும் சேர்த்து, நீர்விட்டுப் பல மாதங்கள் புளிக்கவைத்துச் செய்வது. நாணலைச் சீவிய பேனா. மேசை கிடையாது, முழங்காலில் தோலை விரித்துக் குந்தியபடி எழுதுவார்கள். இவ்வளவும் வேதாகமத்தைப் படியெடுக்கும் எழுத்தரின் கருவிகள்தாம். காப்புக்கென்று தனியான தொழில்நுட்பம் எதுவும் இல்லை.

எந்த மொழி? உரியவர்களால் அதைப் படிக்க முடியுமா?

மொழி கீயெஸ், அது பேச்சுவழக்கிலிருந்து மறைந்து பல நூற்றாண்டுகள் ஆயின. 26 மெய்களும் ஒவ்வொன்றுக்கும் 7 உயிர்வடிவங்களுமாக 182 எழுத்துகள் அதன் அடிப்படை வரிசை. எழுத்தின் உடலிலேயே உயிரின் குறி ஏறிவிடுவதால், உயிர்மெய் வரிசை சொல்லிப் பழகிய தமிழருக்கு அதன் அமைப்பு அயலாகத் தோன்றாது. சுருள் அணிபவர்களில் பெரும்பாலோர் அதைப் படிக்கத் தெரியாதவர்கள். படிப்பதற்காக அது எழுதப்படவும் இல்லை. சொல் உடலோடு ஒட்டியிருந்தால் போதும், படமானது கண்ணில் பட்டால் போதும்.

உரியவரின் ஞானஸ்நானப் பெயர் மட்டும் பலமுறை வரும். வெலெத்தெ மரியாம், அதாவது மரியாளின் மகள், என்பது போன்ற பெயர்கள் அவை. நாள்தோறும் அழைக்கும் பெயர் வேறாக இருக்கும். உண்மைப் பெயரை அறிந்தவர் அதை வைத்துத் தீங்கு செய்யலாம் என்ற அச்சத்தால் ஞானஸ்நானப் பெயரை வெளியே விடுவதில்லை. தாயின் பெயரையும் சேர்த்து எழுத்துகளுக்குரிய எண்களைக் கூட்டி, அந்த ஆளுக்குரிய விண்மீனைக் கணிப்பதும் தெப்தெராவின் வேலை.

ஓவியங்களில் ஏன் எங்கு பார்த்தாலும் கண்கள்?

இந்தக் கேள்விதான் முழு விஷயத்துக்கும் வாசல். நடுவில் முகமும் எட்டுத் திசையிலும் முனைகளும் கொண்ட விண்மீன். சிறகுகளிலும் கண் வைத்த தூதர்கள். பின்னலுக்குள்ளிருந்து நேராக நம்மை நோக்கும் பெருவிழிகள். இவற்றைத் தல்சம் என்பார்கள். மேல்நாட்டு மொழிகளில் தலிஸ்மான் என வழங்கும் சொல்லின் உறவுச்சொல் இது. வேதாகமக் கையெழுத்துப் படிகளில் ஓவியம் கதையை விளக்கும். இங்கே ஓவியம் எதையும் விளக்குவதில்லை, வேலை செய்கிறது.

அந்த வேலை இப்படி நடக்கிறது: நோயாளிக்குள் புகுந்த தீய ஆவி அவருடைய கண்களின் வழியாகத்தான் வெளியே பார்க்கிறது. நோயாளி தல்சத்தை உற்று நோக்கும்போது ஆவியும் அதை நோக்கியாக வேண்டும். எதிரே இமைக்காத விழிகளும் உருவிய வாளும் இறைவனின் முத்திரையும் நிற்கக் கண்டு, தாங்க முடியாமல் அது ஓடிவிடுகிறது. ஆகவே ஓவியத்தைப் பார்ப்பவர் இருவர்; நோயாளி ஒருவர், அவருக்குள் இருப்பது மற்றொன்று. வரைபவர் இரண்டாவது பார்வையாளரை மனத்தில் கொண்டே கோடு போடுகிறார். அழகுக்காக வரைந்த நாட்டுப்புற ஓவியம் என்று இவற்றை வகைப்படுத்தும் அருங்காட்சியகக் குறிப்பு அட்டைகளைக் காணும்போது, பாதி உண்மையே சொல்லப்பட்டிருப்பதாக எனக்குப் படுகிறது. மருந்துச் சீட்டை எழுத்தழகுக்காக மட்டும் பாராட்டுவது போன்றது அது.

சுருள்களில் அடிக்கடி வரும் குதிரைவீரர் யார்?

சூசினியோஸ் என்ற புனிதர். அவருடைய மனைவி ஈன்ற பிள்ளையை வெர்ஸெல்யா என்ற பெண்பேய் கொன்றுவிட, அவர் குதிரையேறி ஈட்டியோடு அவளைத் தேடிப் புறப்படுகிறார். வழியில் ஒரு கிழவியிடம் கேட்டறிந்து, தோட்டமொன்றில் பேய்கள் சூழ அமர்ந்திருந்தவளைக் கண்டு, கிறிஸ்துவிடம் வேண்டி வலிமை பெற்று, அவளது விலாவில் ஈட்டியைப் பாய்ச்சுகிறார். சூசினியோஸின் பெயர் இருக்குமிடத்தை இனி நெருங்கமாட்டேன் என்று அவள் ஆணையிடுகிறாள். கருச்சிதைவுக்கும் சிசுக்களின் மரணத்துக்கும் அஞ்சிய பெண்களுக்கு இந்தக் கதையைவிட நெருக்கமான வேண்டுதல் வேறு எது இருக்கும்? காப்பு கேட்டு வந்தவர்களில் பெண்கள் மிகுதி என்பதற்குச் சுருள்களில் உள்ள பெயர்களே சான்று. கதையின் வேரும் எத்தியோப்பியாவோடு நிற்கவில்லை; சிசினியோஸ் என்ற பெயரோடு எகிப்தியக் கிறிஸ்தவரிடமும் பைசாந்தியக் காப்புகளிலும் இதே வீரர் வருகிறார்.

சாலொமோனின் வலை என்பது என்ன?

மீனவர் கடலில் மீனைப் பிடிப்பது போல, சாலொமோன் அரசர் பேய்களை வலைவீசிப் பிடித்தார் என்று சொல்லும் வேண்டுதல் அது. அதன் ஆற்றல் கதையில் இல்லை, அதில் வரும் அஸ்மாத் என்னும் பெயர்களில் இருக்கிறது. இறைவனுடைய மறைபெயர்களாகக் கருதப்படும் அவற்றில் பல எந்த மொழியிலும் பொருள் தராதவை. ஒலியைப் பிசகாமல் எழுதுவதே முக்கியம். ஓவியத்தில் வலை குறுக்கும் நெடுக்குமான பின்னலாக வரும். பின்னலுக்கு நடுவே ஒரு முகம் இருந்தால், அது அகப்பட்டதன் முகமா காப்பவரின் முகமா என்று சில சுருள்களில் உறுதியாகச் சொல்ல முடிவதில்லை.

திருச்சபை இதை ஏற்கிறதா?

ஏட்டளவில் ஏற்பதில்லை. 1434 முதல் 1468 வரை ஆண்ட பேரரசர் ஸார யாக்கோப் மந்திர வித்தைகளைக் கடுமையாக எதிர்த்தவர். அவருக்குப் பின்னும் கண்டனங்கள் தொடர்ந்தன. ஆனாலும் சுருள் எழுதும் கையே தேவாலயத்தில் கிலுக்கைப் பிடிக்கும் கையாக இருக்கும்போது, கண்டனம் எவ்வளவு தூரம் செல்லும்? வேண்டுதல்கள் திரித்துவத்தின் பெயரால் தொடங்குகின்றன, மிக்காயேலையும் கபிரியேலையும் அழைக்கின்றன, சிலுவையோடு முடிகின்றன. எந்த இடத்தில் ஜெபம் முடிந்து மந்திரம் தொடங்குகிறது என்று கோடு கிழிக்கக் குருமார்களாலும் எளிதில் இயலவில்லை. சில சுருள்களைக் குருமார்களே எழுதியிருக்கிறார்கள்.

கொல்லர்களுக்கும் இதற்கும் என்ன தொடர்பு?

புதா எனப்படும் கண்ணேறு சக்தி இரும்புக் கொல்லர்களிடமும் குயவர்களிடமும் உண்டு என்பது மேட்டுநிலத்தில் பரவியிருந்த நம்பிக்கை. அவர்களுக்கு நிலவுரிமை மறுக்கப்பட்டதும் அவர்கள் ஒதுக்கப்பட்டதும் இந்த நம்பிக்கையோடு கைகோத்தே நடந்தன. புதாவுக்கு எதிரான வேண்டுதல்கள் சுருள்களில் நிறைய உள்ளன. கலையைப் பாராட்டும்போது இந்தப் பக்கத்தை மறைப்பது நேர்மையாகாது. யாரிடமிருந்து காப்பு என்ற கேள்விக்கு விடையாகச் சில வேளைகளில் பேய் அல்ல, அடுத்த தெருவில் கலப்பைக்கொழு அடித்துத் தந்த மனிதர்தான் இருந்தார்.

நம் யந்திரத் தகட்டையும் தாயத்தையும் இதோடு ஒப்பிடலாமா?

ஓரளவுக்கு ஒப்பிடலாம். தாயத்து என்ற சொல்லே தாவீஸ் என்னும் அரபுச் சொல்லின் வழி வந்தது. எழுதியதைச் சுருட்டிக் குழலில் அடைத்து அணியும் பழக்கம் செங்கடலின் இரு கரைகளிலும் இந்தியப் பெருங்கடல் துறைகளிலும் பரவலாக இருந்தது. ஆனால் செப்புத் தகட்டில் கீறும் யந்திரத்துக்குக் கோணமும் கட்டமும் எண்ணும் உயிர். அதில் முகம் வருவது அரிது. கிதாபிலோ முகமும் விழியும் இல்லாத காப்பைக் காண்பது அரிது. ஒப்புமையை அதற்கு மேல் இழுத்தால் இரண்டையும் தவறாகப் புரிந்துகொள்வோம்.

இவை ஐரோப்பிய நூலகங்களுக்கு எப்படிச் சென்றன?

பயணிகளும் சமயப் பணியாளர்களும் விலைகொடுத்து வாங்கியவை சில. கையெழுத்துப் படிகள் பெருமளவில் நாட்டைவிட்டுப் போனது 1868இல், பேரரசர் இரண்டாம் தெவோத்ரோஸின் மக்தலா கோட்டையை இராபர்ட் நேப்பியர் தலைமையிலான பிரித்தானியப் படை வீழ்த்திக் கொள்ளையிட்டபோது. அந்தப் படை பம்பாயிலிருந்து புறப்பட்டது. பீரங்கிகளை மலையேற்ற இந்திய யானைகள் சென்றன. மதராஸ் சாப்பர்ஸ் என்னும் பொறியியல் படைப்பிரிவும் அதில் இருந்து, எத்தியோப்பியாவின் பழைய பெயரான அபிசீனியா என்ற போர்ச்சிறப்பைப் பெற்றது. கொள்ளையான ஏடுகளில் சுமார் 350 பிரித்தானிய அருங்காட்சியகத்தை அடைந்து, இன்று பிரித்தானிய நூலகத்தில் உள்ளன. அவற்றைத் திருப்பித் தர வேண்டும் என்ற எத்தியோப்பியக் கோரிக்கை இன்றளவும் நிற்கிறது.

இன்றும் தெப்தெராக்கள் இருக்கிறார்களா?

இருக்கிறார்கள். ஆனால் அவர்களின் வாழ்வாதாரம் மாறிவிட்டது. தேவாலயத்தில் பாடுவதற்கு ஈடாக நிலத்தின் பலனை அனுபவித்து வந்தவர்கள் அவர்கள். 1974 புரட்சிக்குப் பின் 1975இல் வந்த நிலச்சட்டம் திருச்சபை நிலங்களை அரசுடைமையாக்கியது. நகரங்களில் மருத்துவமனையும் புனித நீர்த் தலங்களும் நோயாளிகளை ஈர்த்தன. தோலுக்குப் பதில் தாளும், நாட்டு மைக்குப் பதில் கடை மையும் வந்தன. மறுபுறம், சுருளின் வடிவங்களை நவீன ஓவியர்கள் எடுத்துக்கொண்டனர். மூங்கில் பட்டைகளில் தீட்டும் ஸெரிஹுன் யெத்மகெத்தாவின் படங்களில் அதே விழிகளையும் நீள்வடிவத்தையும் காணலாம்.

ஒன்றை விலைக்கு வாங்கலாமா?

சுற்றுலாப் பயணிகளுக்கென்றே எழுதிய புதிய சுருள்கள் கடைகளில் கிடைக்கின்றன. அவற்றை வாங்குவதில் தடையில்லை. பழஞ்சுருளை அனுமதியின்றி நாட்டுக்கு வெளியே கொண்டுசெல்வது சட்டப்படி குற்றம்.

அருங்காட்சியகத்தில் ஒரு சுருளைக் காண நேர்ந்தால் எதைக் கவனிப்பது?

ஓவியத்தைத் தானாகவே பார்த்துவிடுவீர்கள். பெயர் வரும் இடங்களைத் தேடிப் பாருங்கள். சிவப்பு எழுத்துகளுக்கு நடுவே தோல் சற்று மெலிந்து சொரசொரப்பாக இருந்தால், அங்கே முதலில் இருந்த பெயரைச் சுரண்டிவிட்டு வேறொரு பெயரை எழுதியிருக்கிறார்கள் என்று பொருள். தாயிடமிருந்து மகளுக்கோ, விற்றவரிடமிருந்து வாங்கியவருக்கோ சுருள் கைமாறும்போது இப்படிச் செய்வார்கள். பெயர் எழுத விட்ட இடம் வெறுமையாகவே இருந்தால், முன்கூட்டியே எழுதிவைத்த சுருள் அது. உரியவர் வந்து சேரவே இல்லை.